பெத்தணன் ஆனியில் தாவினான்

எங்கள் ஊர் மாவு மில் பெத்தணன் ஆனி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம் மில் மேடையிலிருந்து தாவினான். பங்குனித் திருவிழாவுக்குக் கொடியேறின பிறகு ஒரு மத்தியானம் தரையில் இறங்கினான். இடையில் எங்கள் கரட்டுப்பட்டியில் கல்யாணங்கள் நடந்தன, பஞ்சாயத்துத் தேர்தல் நடந்தது, தேர்தலில் தோற்றவர் வீட்டு நாய் காணாமல் போய்த் திரும்பி வந்தது, கண்மாய் நிறைந்து பாதி வற்றியது, இவை அத்தனைக்கும் மேலே, இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, வேட்டியை மடித்துக் கட்டி, உடம்பெல்லாம் மாவோடு பெத்தணன் அந்தரத்தில் வந்துகொண்டேயிருந்தான். நம்பாதவர்கள் நம்ப வேண்டாம், எங்களுக்கு ஒன்றும் குறைந்துவிடாது. ஆனால் பேசுவதற்கு முன்னால் எங்கள் அழகம்மை டாக்கீஸில் ஒரு படம் பார்த்துவிட்டு வந்து பேசட்டும்.

அழகம்மை டாக்கீஸில் சண்டைப் படம்தான் ஓடும். குடும்பப் படம் போட்டால் மூன்றாம் நாளே படப்பெட்டி வந்த ஊருக்கே திரும்பிவிடும். எங்கள் ஊர் ஆம்பளைகளில் பாதிப் பேர் எரிமலை ரசிகர்கள், மீதிப் பேர் சூறாவளி ரசிகர்கள். இரண்டு நடிகர்களுக்கும் பெற்றவர்கள் வைத்த பேர் என்னவென்று யாருக்கும் தெரியாது, தெரிந்துகொள்ள யாரும் ஆசைப்பட்டதுமில்லை. எரிமலை ஒரு படத்தில் ஓடுகிற ரயிலைத் தோளைக் கொடுத்து நிறுத்துவார். சூறாவளி சும்மா இருப்பாரா, அடுத்த தீபாவளிக்கு அவர் ரயிலைத் திருப்பியே விடுவார். அந்த மாதிரி இடங்களில் நாங்கள் விசில் அடித்து, கிழித்து வைத்த காகிதத்தை வாரி இறைத்து, தொண்டை கிழிய "ஒன்ஸ்மோர்" என்று கத்துவோம். உடனே ஆப்பரேட்டர் சவரிமுத்து ரீலைப் பின்னால் சுற்றுவார், ரயில் பின்வாங்கும், எரிமலை மறுபடியும் முதலிலிருந்து தோளைக் கொடுப்பார். சுற்றாவிட்டால் நாற்காலி பறக்கும் என்பது சவரிமுத்துவுக்குத் தெரியும். எங்கள் ஊரில் அந்தச் சத்தம் கேட்டுத் திரும்பாத ரீல் கிடையாது.

பெத்தணன் எரிமலை கட்சி. திரையில் எரிமலையைப் பார்த்தால் அவன் சிங்கம். வெளியே வந்தால் பல்லிக்குப் பயப்படுவான், சாக்கடையைத் தாண்டப் பயந்து சுற்றிக்கொண்டு போவான், மில் முதலாளி தும்மினால்கூட எழுந்து நிற்பான். அவன் பெண்டாட்டி தங்கமாயிக்குச் சினிமா என்றாலே ஆகாது. அன்றைக்குக் காலையில்கூட, வயிற்றில் மூன்று மாதப் பிள்ளையோடு தண்ணீர்க் குடத்தை இறக்கி வைத்துவிட்டு அவனைப் பிடிபிடியென்று பிடித்துவிட்டாள்.

"படத்துல ஒருத்தன் பறந்தா அத்தன பேரும் கை தட்டுறீக. இங்க ஒரு கொடம் தண்ணி தூக்க ஒருத்தனக் காணோம். அப்படி என்னதான் இருக்கு அதுல? நடக்குற காரியமா அது?"

"நடக்காதுன்னு எனக்குத் தெரியாதா புள்ள?" என்றான் பெத்தணன். "எனக்கு எந்நேரமும் எதையாச்சும் பாத்துப் பயமாத்தான் இருக்கு. அவரு குதிக்கிறாருல்ல, அந்தக் கொஞ்ச நேரம் பயமே இல்ல. அவருக்கு மட்டுமில்ல, எனக்கும்."

"குதிக்கிறது அவரு, பயம் போறது உங்களுக்கா?" என்று தங்கமாயி சிரித்துவிட்டாள். அவன் முகம் சுண்டிப்போய், சாப்பிடாமல் மில்லுக்குப் போய்விட்டான்.

அன்று சாயங்காலம் சூறாவளி ரசிகர் மன்றச் செயலாளர் சுருளிவேல், மில்லுக்கு எதிரே நடுரோட்டில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, வருகிற வெள்ளிக்கிழமை ரிலீஸாகும் படத்தின் பேரை வெள்ளைப் பெயிண்டால் எழுதிக்கொண்டிருந்தான். பக்கத்துக் கம்பத்தில் குழாய் ஸ்பீக்கர் சூறாவளியின் பாட்டை அலறிக்கொண்டிருந்தது. சுருளிக்கும் பெத்தணனுக்கும் பேச்சுவார்த்தை கிடையாது, எரிமலையின் கட்அவுட் மேல் சாணி வந்து விழுந்த நாளிலிருந்து ஒருவன் வந்த தெருவில் இன்னொருவன் வரமாட்டான். அந்த நேரம் பார்த்துக் கரட்டு மேட்டிலிருந்து ஒரு தண்ணி லாரி பிரேக் பிடிக்காமல் இறங்கியது. டிரைவர் வளைவிலேயே குதித்துக் கத்திக்கொண்டு ஓடி வந்தான். நாங்கள் எல்லாரும் கத்தினோம். பாட்டு அலறிய அலறலில் சுருளிக்கு எதுவும் கேட்கவில்லை. முதுகை மேட்டுக்குக் காட்டிக்கொண்டு கடைசி எழுத்துக்குச் சுழி போட்டுக்கொண்டிருந்தான். மாவு மூட்டை இறக்கிக்கொண்டிருந்த பெத்தணன் நிமிர்ந்து பார்த்தான், மூட்டையைப் போட்டான், சாக்கடையைத் தாண்டப் பயப்படுகிறவன் மேடை விளிம்பில் கால் ஊன்றி, சாக்கடையையும் தாண்டி, ரோட்டின் மேலே தாவினான்.

தாவினவன் இறங்கவில்லை. நாங்கள் பார்த்துக்கொண்டே நின்றோம். அவன் உடம்பிலிருந்து கிளம்பிய மாவு புகை மாதிரி பின்னாலேயே நின்றது. லாரி சுருளிக்குக் கொஞ்ச தூரத்தில் புழுதியோடு நின்றது, நின்றது என்றால் நிற்கவில்லை, நத்தைக்குப் பொறுமை போகிற மாதிரி வந்துகொண்டிருந்தது. சுருளியின் பிரஷ் முனையில் ஒரு சொட்டுப் பெயிண்ட் விழப் பார்த்து விழாமல் இருந்தது. ஸ்பீக்கரில் பாட்டு இழுபட்டு, பாடகரின் ஒரே ஒரு "ஆ" மட்டும் முடியாமல் போய்க்கொண்டிருந்தது. நின்று நின்று எங்களுக்குக் கால் வலித்தது. டீக்கடையில் இருந்த யாரோ, "வேற ஒண்ணுமில்லப்பா, ஸ்லோமோஷன்" என்று சொன்னதும், அதானே என்று எல்லாரும் டீ குடிக்கப் போனோம். தினம் பார்க்கிற விஷயம்தான், ரோட்டில் பார்ப்பதுதான் புதுசு.

தங்கமாயி குழம்புக் கரண்டியோடு ஓடி வந்தாள். "மாமா, இறங்குங்க. காலையில பேசினதுக்கா இப்படி?" என்று கெஞ்சி அவன் காலைப் பிடித்து இழுத்தாள். கால் சூடாக இருந்தது, ஆனால் அசையவில்லை. சுருளியை நகர்த்த ஆறேழு பேர் தள்ளிப் பார்த்தோம், அப்புறம் காளைகளைப் பூட்டிப் பார்த்தோம், கயிறுதான் அறுந்தது. லாரிக்கு முன்னால் கல் அடுக்கினோம். அது அவசரமே இல்லாமல், நாள் கணக்கில் எடுத்துக்கொண்டு, கல்லை அப்பளமாக நொறுக்கிவிட்டு வந்தது. அப்போதுதான் எங்களுக்கு விஷயம் புரிந்தது. மெதுவாக வந்தாலும் லாரியின் வேகம் குறையவில்லை. பெத்தணன் முந்தினால் இரண்டு பேரும் பிழைப்பார்கள், லாரி முந்தினால் இரண்டு பேரும் போவார்கள், எது நடக்கும் என்று தெரிய மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும்.

காத்திருக்கிறதென்றால் பிழைப்பை விட்டுவிட்டா காத்திருக்க முடியும்? பஸ்ஸைக் கீழத்தெரு வழியாகத் திருப்பிவிட்டார்கள். போக்குவரத்துக் காவலர் இரண்டு நாள் யோசித்து, நடுரோட்டில் நின்ற குற்றத்துக்காக லாரி மேல் ஒரு கேஸ் எழுதினார்; நிற்கவில்லை, வந்துகொண்டுதான் இருக்கிறது என்று டிரைவர் கடைசி வரை வாதாடினான். சூடு ஆறாத லாரி பானெட்டின் மேல் பெண்கள் மிளகாய் வற்றல் காயப்போட்டார்கள். தொட்டில் பிள்ளைகள் அந்த முடியாத "ஆ"வைக் கேட்டுத் தூங்கப் பழகி, கரெண்ட் போனால்கூட நிற்காத அந்தச் சத்தம் இல்லாத வெளியூருக்குப் போனால் அழுதன. கல்யாண மாப்பிள்ளை ஊர்வலங்கள் பெத்தணனுக்குக் கீழே குனிந்து போயின. பக்கத்து ஊர்களிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வந்தவர்கள் அண்ணாந்து பார்த்து, "கயிறு எங்க கட்டியிருக்கு?" என்று கேட்டபோது எங்களுக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. எங்களில் சிலர் பெத்தணனுக்குப் பத்து வருஷமாக ஒரு வணக்கம்கூடச் சொல்லாதவர்கள் என்பதை அப்போது மறந்துவிட்டோம்.

சுருளியின் அம்மா ஒச்சம்மா அவன் பக்கத்தில் ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, வெயிலுக்கும் மழைக்கும் அவனுக்குக் குடை பிடித்தாள். தங்கமாயி ஏணி போட்டு ஏறிப் பெத்தணன் முகத்தைத் துடைப்பாள், காக்கை உட்கார்ந்தால் விரட்டுவாள், இறங்கி வந்து அவன் நிழலில் உட்கார்ந்து கீரை ஆய்வாள். முதலில் இரண்டு பேரும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். சாணி விவகாரம் இருக்கிறதே. ஆடி மாதக் காற்றில் குடை பறந்துபோய்த் தங்கமாயி ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வந்து கொடுத்த நாளிலிருந்து அத்தை, மகளே என்று ஆகிப்போனது.

"ஒம் புருஷன் பயந்தாங்கொள்ளின்னு சொல்லுவாகளேம்மா" என்றாள் ஒச்சம்மா ஒரு நாள்.

"ஆமாங்கத்த. ஏணியில ஏறவே பயப்படுவாரு." தங்கமாயி அண்ணாந்து பார்த்தாள். "ஆனா மூஞ்சியப் பாருங்க. பயமே இல்ல. கல்யாணமாகி இத்தன வருஷத்துல இந்த மூஞ்சிய நான் பாத்ததே இல்ல அத்த."

வாரத்துக்கு ஒரு முறை கொத்தனார் நூல் பிடித்து அளப்பார். அளந்ததை வைத்து ஹைஸ்கூல் கணக்கு வாத்தியார் மண்டையைப் போட்டு உடைத்துக்கொண்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, லாரிதான் முந்தும் போலிருக்கிறது என்று வருத்தத்தோடு சொன்னார். நாங்கள் அவரைச் சூழ்ந்துகொண்டோம். "எந்தப் படத்துல சார் லாரி ஜெயிச்சிருக்கு?" வாத்தியார் யோசித்துப் பார்த்தார். அவரும் எங்களோடு அதே டாக்கீஸில் பெஞ்சு டிக்கெட்டில் வளர்ந்தவர். "எதுலயும் இல்லதான்" என்று ஒத்துக்கொண்டு, வீட்டுக்குப் போய்க் கணக்கை மறுபடியும் போட்டார்.

ஐப்பசியில், தீபாவளிக்கு மறுநாள், பெத்தணனின் கை சுருளியின் தோளைத் தொட்டது. லாரிக்கும் சுருளிக்கும் இடையில் ஒரு ஆள் திரும்பிப் படுக்கிற இடம் இருந்தது. கை தோளைத் தள்ளத் தொடங்கியது, சுருளியின் உடம்பு சாயத் தொடங்கியது, பெத்தணன்தான் முந்துகிறான் என்பது கண்ணுள்ளவனுக்கெல்லாம் தெரிந்துபோனது. அப்போது எங்களுக்கு வந்த சந்தோஷத்தை என்னவென்று சொல்வேன். எரிமலை கட்சியும் சூறாவளி கட்சியும் கட்டிப் பிடித்துக்கொண்டோம், மிச்சமிருந்த பட்டாசையெல்லாம் கொளுத்தினோம், காகிதத்தை வாரி இறைத்தோம், விசில் பறந்தது, எல்லாம் நல்லபடியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. அப்புறம் எங்களில் ஒருவன், அவன் யார் என்று இன்றைக்கு வரைக்கும் இரண்டு கட்சியும் ஒன்றையொன்று கை காட்டிக்கொண்டிருக்கிறது, வாயைத் திறந்து "ஒன்ஸ்மோர்" என்று கத்தினான். ஒருவன் கத்தினால் எங்களால் சும்மா இருக்க முடியுமா? பழக்க தோஷம். ஊரே கத்தியது.

லாரி பின்வாங்கியது. சுருளி நிமிர்ந்தான், பெயிண்ட் சொட்டு ரோட்டிலிருந்து எழுந்து பிரஷ்ஷுக்குப் போனது, பாட்டு தலைகீழாக ஓடியது, புகையாக நின்ற மாவெல்லாம் பெத்தணன் உடம்புக்குத் திரும்பியது, மாதக்கணக்கில் வந்த தூரத்தை அவன் ஒரு மூச்சில் பின்னாலேயே பறந்து கடந்து, மேடை விளிம்பில் போய் நின்றான். எல்லாரும் வாயைப் பிளந்துகொண்டிருந்தபோது ஓடியது தங்கமாயி ஒருத்திதான். அந்த வயிற்றைத் தூக்கிக்கொண்டு மேடைப் படியில் ஏறி, அவன் சட்டை முனையைக் கையில் பிடித்துவிட்டாள். சட்டை அசைந்தது. அந்த ஒரு கணம் அவன் எங்களைப் போல மூச்சு விடுகிற ஆளாக அங்கே நின்றான், அவள் இழுத்திருந்தால் பின்னால் விழுந்திருப்பான், பிழைத்திருப்பான். அவள் அவன் பார்க்கிற பக்கம் பார்த்தாள். மேட்டிலிருந்து லாரி வந்துகொண்டிருந்தது, சுருளி ஒன்றும் தெரியாமல் சுழி போட்டுக்கொண்டிருந்தான், ஒச்சம்மா குடையை அப்படியே போட்டுவிட்டுக் கையைக் கூப்பிக்கொண்டு தங்கமாயியைத்தான் பார்த்தாள். தங்கமாயி சட்டையை விட்டாள். பெத்தணன் தாவினான். பாட்டு பழைய "ஆ"வில் வந்து நின்றது.

மறுநாள் காலையில் அழுது வீங்கிய முகத்தோடு தங்கமாயி மில் மேடையில் ஏறி நின்றாள். நாங்கள் தலையைக் குனிந்துகொண்டு கீழே நின்றோம், பெரிய ஆள், சின்ன ஆள் என்று பாக்கியில்லாமல்.

"பிடிச்ச பிடிய நான் விட்டேன். எனக்காக விடல, அத்தைக்காக விட்டேன். இன்னொரு தடவ விட எனக்குத் தெம்பு இல்ல" என்றாள். "அவரு இறங்குற அன்னைக்கு ஒருத்தரும் வாயத் திறக்கக் கூடாது. முடியுமா முடியாதா? பொய் சொல்லாம சொல்லுங்க."

கடைசியில் ஆப்பரேட்டர் சவரிமுத்துதான் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு முன்னால் வந்தார். "முடியாது தாயி. முப்பது வருஷமா மேல ரூம்புல இருந்து இவனுகளப் பாக்குறேன். இவனுக நாக்கு இவனுக பேச்சக் கேக்காது."

"முடியலேன்னா பழகுங்க" என்றாள் தங்கமாயி.

அப்படித்தான் அழகம்மை டாக்கீஸில் அந்தப் பயிற்சி ஆரம்பித்தது. எரிமலையும் சூறாவளியும் பறந்து பறந்து அடித்த பழைய படங்களாகப் பார்த்துச் சவரிமுத்து வரவழைத்தார். நாங்கள் உள்ளே போய் உட்கார்ந்து, சத்தம் வராமல் பார்க்க வேண்டும். வாயைத் திறந்தவன் உடனே வெளியே போய்விட வேண்டும். முதல் வாரம் இடைவேளைக்குள் டாக்கீஸே காலியாகிவிட்டது. எரிமலை வெறுமனே கூலிங்கிளாஸைக் கழற்றியதற்கே ஒரு வரிசை எழுந்து போனது. துண்டைச் சுருட்டி வாயில் திணித்துக்கொண்டோம், விரலைக் கட்டிக்கொண்டோம், கணக்கு வாத்தியார் தன் கையையே கடித்துக் கடித்துத் தழும்பாக்கிக்கொண்டார். யார் வெளியே போகிறார்கள் என்று பார்க்கத் தங்கமாயியும் ஒச்சம்மாவும் பெண்கள் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்கள். தங்கமாயி முதல் சில நாள் திரையைப் பார்க்கவேயில்லை, எங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கார்த்திகையில் ஒரு நாள் எரிமலை படம். எரிமலையின் அம்மா அவருக்குத் தூக்குவாளியில் சாம்பார் கொடுத்து, சிந்தாமல் கொண்டு போய் அக்கா வீட்டில் கொடு என்று சொல்லி அனுப்புகிறாள். அவர் பைக்கில் போகிறார். வில்லன் ஆட்கள் ஹெலிகாப்டரில் துரத்துகிறார்கள். எரிமலை அணையின் மேலிருந்து பைக்கோடு பாய்ந்து, ஹெலிகாப்டருக்குள் நுழைந்து, ஒரு கையால் எல்லாரையும் அடித்து, அந்தப் பக்கமாக வெளியே வந்து, ஓடுகிற கூட்ஸ் ரயிலில் இறங்கி, அங்கிருந்து அக்கா வீட்டு வாசலில் வந்து நின்று தூக்குவாளியின் மூடியைத் திறக்கிறார். நாங்கள் துண்டைக் கடித்துக்கொண்டு கண்ணில் தண்ணீர் வர உட்கார்ந்திருந்தோம். பெண்கள் பெஞ்சிலிருந்து ஒரு குரல் கேட்டது.

"ஆத்தாடி! சாம்பார் சிந்தவே இல்லையே!"

தங்கமாயிதான். டாக்கீஸே திரும்பிப் பார்த்தது. அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்புறம் சட்டம் போட்டவளே எழுந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சிரிப்பை அடக்க முடியாமல் குலுங்கிக்கொண்டே வெளியே போனாள். ஆனியிலிருந்து அவள் சிரித்து நாங்கள் பார்த்தது அன்றைக்குத்தான். படம் முடிந்து வந்தபோது டிக்கெட் கவுண்டர் படியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். ஒச்சம்மா அவள் முதுகைத் தடவிக்கொண்டிருந்தாள்.

அன்றைக்கு அவள் நேராக ஏணியில் ஏறிப் பெத்தணன் காதுக்குப் பக்கத்தில் பேசினதை, கீழே டீக்கடையில் இருந்தவர்கள் கேட்டார்கள், கேட்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே கேட்டார்கள். "மாமா, பாத்தேன். சிந்தல மாமா. எனக்கும் கொஞ்ச நேரம் பயம் இல்ல. இத்தன மாசத்துல அந்தக் கொஞ்ச நேரந்தான் எனக்குப் பயமே இல்ல. நான் அன்னைக்குச் சிரிச்சிருக்கக் கூடாது."

மார்கழியில் அவளுக்குப் பெண் பிறந்தது. பெரியாஸ்பத்திரியிலிருந்து நேராக மில்லுக்குத்தான் வந்தாள். பெத்தணன் அப்போது தாவலின் உச்சத்தில் இருந்தான், ஏணிக்கு மேல் ஏணி கட்ட வேண்டியிருந்தது. ஏறிப் பார்த்தால் அவன் கண் மூடியிருந்தது. தூக்கமில்லை, கண் சிமிட்டுகிறான்; அவன் ஒரு தடவை இமை மூடித் திறக்க ஒரு மாதத்துக்குக் கிட்டே ஆகும். "கண்ணத் திறக்கட்டும், காட்டுவோம்" என்று பிள்ளையை இறக்கிக்கொண்டு வந்துவிட்டாள். தை பிறந்து அவன் கண் திறந்த அன்றைக்கு ஊரே கூடி நின்று பார்க்க, பிள்ளையைத் தூக்கிக் காட்டினாள். அவன் பார்வை பிள்ளையைத் தாண்டிச் சுருளியின் மேலேயே இருந்தது. பரவாயில்லை, வேலையாக இருக்கிறார் என்றாள் தங்கமாயி. பேர் வைக்க அப்பன் வரட்டும் என்று பிள்ளையைப் பாப்பா என்றே கூப்பிட்டோம்.

மாசி முழுக்க டாக்கீஸில் ஒருவனும் வெளியே போகவில்லை. சூறாவளி ஒரு கிணற்றைத் தூக்கி வில்லன் மேல் கவிழ்த்தபோதுகூடச் சத்தமில்லை. சவரிமுத்து மேல் ரூமிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு, சாவு வீட்டுக்குப் படம் ஓட்டுகிற மாதிரி இருக்கிறது என்று வருத்தப்பட்டார். அதே நாட்களில் சுருளி இருந்த இடத்தைத் தாண்டி ரோட்டில் மணலைக் கொட்டி, அதன் மேல் தவிட்டு மூட்டைகளை வீடு உயரத்துக்கு அடுக்கினோம், லாரி ஓடிப்போய் முட்டிக்கொள்ள ஒரு இடம் வேண்டுமே.

பங்குனி. கொடியேறின மறுநாள் மத்தியானம். கை தோளுக்குக் கிட்டே வந்துவிட்டது என்று கொத்தனார் கையைக் காட்டியதும், நாங்கள் தெருவின் இரண்டு பக்கமும் வரிசையாக நின்று துண்டை வாயில் திணித்துக்கொண்டோம். கோயில் மேளத்தை நிறுத்திவிட்டார்கள். நாய்களைப் பிடித்துக் கட்டியாகிவிட்டது. ஒச்சம்மா குடையை மடக்கிவிட்டுத் தங்கமாயி பக்கத்தில் வந்து நின்று, அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். கை தோளைத் தொட்டது. போன தடவை இந்த இடத்தில்தான் நாங்கள் கெடுத்தோம். சுருளி சாய்ந்தான். எங்கள் தொண்டையில் அது வந்து முட்டியது, உள்ளே பிறந்து வளர்ந்த சத்தம், எங்கள் அப்பன்களும் கத்திய சத்தம், விழுங்கினோம். கணக்கு வாத்தியார் கண்ணை இறுக்க மூடிக்கொண்டார். துண்டுக்குள் ஊர் முழுக்கப் பல் கிட்டித்துக்கொண்டது. ஒருவனும் வாயைத் திறக்கவில்லை.

சட்டென்று "ஆ" முடிந்து பாட்டின் அடுத்த அடி வந்தது. சுருளி உருண்டான், பெத்தணன் அவன் மேல் உருண்டான், லாரி இரண்டு பேர் கால் மாட்டிலும் காற்றை அடித்துக்கொண்டு போய்த் தவிட்டு மூட்டையில் மோதி, மணலில் மூக்கைப் புதைத்து நின்றது. டாங்கி பிளந்து தண்ணீர் ரோடெல்லாம் ஓடியது. மாவு எங்கள் எல்லார் தலையிலும் வந்து இறங்கியது.

முதலில் எழுந்தது சுருளிதான். "எவன்டா அவன் என்னத் தள்ளிவிட்டது? பெயிண்டெல்லாம் போச்சேடா, வெள்ளிக்கிழம ரிலீஸ்டா!" என்று கத்தினவன், லாரியைப் பார்த்தான், பெத்தணனைப் பார்த்தான், மறுபடியும் லாரியைப் பார்த்தான், அப்புறம் வாயை மூடிக்கொண்டு நடுரோட்டில் தண்ணீரிலேயே உட்கார்ந்துவிட்டான். ஒச்சம்மா ஓடிப்போய் அவன் கன்னத்தில் ஒரு அறை விட்டுக் கட்டிக்கொண்டாள்.

பெத்தணன் எழுந்து நின்று வேட்டியை உதறிக் கட்டினான். தான் நின்ற மேடையைத் திரும்பிப் பார்த்தான். தாண்டின சாக்கடையைப் பார்த்தான். அவனுக்கு எல்லாம் ஒரு நொடி. இவ்வளவு தூரத்தையா, நானா என்று அவன் முகத்தில் எழுதியிருந்தது. சுற்றிலும் பார்த்தால் ஊரே வரிசை கட்டி நிற்கிறது, எல்லார் வாயிலும் துண்டு, எல்லார் கண்ணிலும் தண்ணீர், ஒரு கைதட்டல் இல்லை, ஒரு விசில் இல்லை. அவன் முகம் மெல்லச் சுண்டியது.

"யாராச்சும் பாத்தீகளா?" என்று கேட்டான்.

யாரும் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் என்ன வருமோ என்ற பயம் எங்களுக்கு. பார்த்தோம்டா, பார்த்துக்கொண்டேதான் இருந்தோம்டா என்று சொல்லத் துடித்துக்கொண்டு துண்டைக் கடித்தபடி நின்றோம். தங்கமாயி பிள்ளையை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, தண்ணீரில் சேலை நனைய நடந்து அவன் முன்னால் போய் நின்றாள்.

"நான் பாத்தேன்" என்றாள். "ரெண்டு தடவ பாத்தேன்."

பெத்தணன் அவளைப் பார்த்தான், காலையில் மூன்று மாதமாக விட்டு வந்த வயிற்றைப் பார்த்தான், இடுப்பிலிருந்த பிள்ளையைப் பார்த்தான். பிள்ளை அவன் மூக்கிலிருந்த மாவை விரலால் தொட்டது.

"இது யாரு புள்ள?"

"வீட்டுக்கு வாங்க, சொல்றேன். சாப்பிடாம போனீக." அவன் கையை எடுத்துத் தன் தோள் மேல் போட்டுக்கொண்டாள். "ஒரு தடவைக்கு ரெண்டு தடவ ஆச்சு மாமா. போதும்."

அவன் அவள் மேல் சாய்ந்து நடந்தான். சாக்கடை வந்ததும் நின்று யோசித்து, வழக்கம் போலச் சுற்றிக்கொண்டு போனான். மூன்று பேரும் தெருமுனை திரும்பி மறைந்த பிறகுதான் நாங்கள் துண்டை எடுத்தோம். விசில் பறந்தது, மேளம் அடித்தது, கண்மாயிலிருந்த கொக்கெல்லாம் எழுந்து பறந்தன. அந்த வார்த்தையை மட்டும் யாரும் சொல்லவில்லை.